அத்தான்சியோன் சொல்தாவின் காருக்கு முன்னங்கால் மாற்றிய கதை

ஒரு காரின் முன்பக்கத்தைச் சரிசெய்வதற்காக ஒரு தெருவையே அதன் தலைமேல் ஏற்றி உட்காரவைத்த மனிதர் இந்தப் பூமியில் ஒருவர்தான். அவர் புதுச்சேரியில், முத்தியால்பேட்டையில், எங்கள் தெருவில் இருந்தார். சந்தேகப்படுகிறவர்கள் யாராவது இருந்தால் அவர்கள் அன்றைக்கு அங்கே இல்லாதவர்கள், அவ்வளவுதான்.

அப்பா அம்மா வைத்த பெயர் என்று அவருக்கு ஒன்று இருந்திருக்க வேண்டும். தெருவுக்கு அவர் 'அத்தான்சியோன் சொல்தா'. பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்துவிட்டு பென்ஷனோடு திரும்பியவர்களை எங்கள் ஊரில் சொல்தா என்போம். அத்தான்சியோன் என்றால் பிரெஞ்சில் 'கவனம்'. மனிதர் வாயைத் திறந்தால் முதலில் அதுதான் வரும். குழாயைத் திறக்கும்முன் அத்தான்சியோன். தும்மல் வருவதற்குமுன் அத்தான்சியோன். ஒருமுறை கீரைக்கார அம்மா கூடையை இறக்கும்போது இவர் போட்ட சத்தத்தில், கூடை நேராக அவர் காலிலேயே விழுந்தது. "இதுக்குத்தான் சொன்னேன்" என்றார் நொண்டிக்கொண்டே.

அவர் வீட்டு மாடியில் நான் குடியிருந்தேன். எண்பதுகளின் தொடக்கம். கல்யாணமாகாத அரசாங்க குமாஸ்தா. பட்டாளத்தில் இவர் பீரங்கி சுட்டிருப்பார் என்று நம்பிக்கொண்டு ஒருநாள், பிரெஞ்சில் ஐயா என்பதற்கு உள்ள 'முசியே'யைப் போட்டுப் பயபக்தியோடு கேட்டேன். "முசியே, பட்டாளத்துல இன்னா வேல பாத்தீங்க?"

"ரொட்டி சுட்டேன்" என்றார், விறைப்பாக நின்றுகொண்டு.

அவரிடம் பிரான்சிலிருந்து கப்பலில் வந்த சாம்பல் நிறக் கார் ஒன்று இருந்தது. ஸ்டீரிங் இடதுபக்கம். அவர் மனைவியைத் தெருவே மதாம் என்றுதான் கூப்பிடும். மதாம் வலதுபக்கம் உட்கார்ந்து ஸ்வெட்டர் பின்னிக்கொண்டே போவதைப் பார்த்தால், காரை யாருமே ஓட்டவில்லை என்று தோன்றும். வெளியூர்க்காரர்கள் அலறிக்கொண்டு சாக்கடைப் பக்கம் ஒதுங்குவார்கள். புதுச்சேரி வெயிலில் ஸ்வெட்டர் யாருக்கு என்று மட்டும் யாருக்கும் தெரியாது.

அந்தச் சவாரி ஒருநாள் நின்றுபோனது. மதாமுக்கு முதுகெலும்பில் நோவு வந்துவிட்டது. குலுங்கவே கூடாது என்று டாக்டர் சொல்லியிருந்தார். காருக்கோ முன்பக்கம் முழுக்கத் தேய்ந்துபோயிருந்தது. முதலியார்பேட்டை ரயில்வே கேட்டைத் தாண்டும்போது வண்டி 'தொம்' என்று இறங்க, மதாம் "அம்மா!" என்று ஒரே ஒரு முறை கத்தினார். சொல்தா அப்படியே வண்டியைத் திருப்பி வீட்டுக்குக் கொண்டுவந்து, படுதா போட்டு மூடினார். அதற்குப்பிறகு அதை எடுக்கவே இல்லை.

அந்த கேட்டைத் தாண்டித்தான் அரியாங்குப்பம். அங்கே மதாமின் அக்கா பக்கவாதம் வந்து படுக்கையில் கிடந்தார். அக்காவால் எழுந்து வரமுடியாது, தங்கையால் போகமுடியாது. ரிக்‌ஷாவும் ஆட்டோவும் இன்னும் மோசம். அக்காவின் மகன் வாரம் தவறாமல் வந்து வாசலில் நிற்பார். "சித்தி, அம்மா உங்களயேதான் கேட்டுக்கினு இருக்காங்க. கண்ணு தொறந்தா உங்க பேருதான்." சொல்தா படுதாவைப் பார்த்துக்கொண்டு நிற்பார். எனக்கு அந்த நேரங்களில் மாடிப்படி இறங்கவே சங்கடமாக இருக்கும்.

தட்டாஞ்சாவடியிலிருந்து ஒரு மெக்கானிக்கை அழைத்துவந்து காட்டினார்கள். அந்தக் காருக்கு முன்பக்கம் இரண்டு தூண்கள். சுருள் ஸ்பிரிங்கும், அதற்குள்ளே அதிர்ச்சி வாங்குகிற ஷாக்கும் சேர்ந்தது ஒரு தூண். பிரெஞ்சில் அதற்கு ஏதோ பெயர் சொன்னார். தெரு அதை முன்னங்கால் என்றே வைத்துக்கொண்டது. மெக்கானிக் குனிந்து பார்த்துவிட்டு, "சார், இதயெல்லாம் கழட்டி எறிஞ்சுட்டு லாரி ஸ்பிரிங் பட்டய வச்சு அடிச்சுடலாம்" என்றான். அத்தான்சியோன் என்ற முழக்கம் கேட்டது. மெக்கானிக் தெருமுனையில்தான் திரும்பிப் பார்த்தான்.

பிரான்சில் இருந்த பழைய பட்டாளத்து நண்பர் மூலம் புது முன்னங்கால்கள் பார்சலில் வந்து சேர்ந்தன, ஸ்பிரிங் மட்டும் இல்லாமல்; அது பழையதே போதுமாம். வீட்டிலேயே, தானே மாற்றப்போவதாக சொல்தா அறிவித்தார். ரொட்டி சுட்டவருக்கு இது எதற்கு என்று நானும்தான் கேட்டேன். "அடுப்பும் யந்திரந்தான் தம்பி. அவசரப்படாம இருந்தா போதும்" என்றார்.

ஆனால் ஒரு சிக்கல். காரின் மொத்த கனத்தையும் தாங்கி நிற்கிற ஸ்பிரிங் அது. அதை அமுக்கிக் கட்டாமல் கழற்றினால் துள்ளிவந்து எதிரே நிற்கிறவன் முகத்தை எடுத்துக்கொண்டு போய்விடும். அமுக்குவதற்கு யந்திரம் கிடையாது. அங்கேதான் எதிர்வீட்டு கோவிந்தன் உள்ளே வந்தார்.

கோவிந்தன் மில்லில் பேல் கட்டுகிறவர். துணியை பிரஸ்ஸில் வைத்து அமுக்கி, இரும்புப் பட்டை போட்டு இறுக்கி, மூட்டையாக்குகிற வேலை. அவர் கட்டிய பேல் கப்பலேறிப் போய்க் கடலில் விழுந்தாலும் பிரியாது என்று அவரே சொல்லிக்கொள்வார். விஷயத்தைக் கேட்டதும், "இவ்ளோதானா முசியே? நீங்க அமுக்கிக் குடுங்க, நான் கட்டிக் குடுக்கறேன்" என்றார்.

அமுக்குவதற்குத்தான் தெரு.

ஞாயிற்றுக்கிழமை காலை. சொல்தா பட்டாளத்துத் தொப்பியோடு வாசலில் நின்று ஆள் எடுத்தார். கனமானவர்களுக்கு முன்னுரிமை. மளிகைக்கடைக்காரர், பள்ளிக்கூட டிரில் மாஸ்டர், இட்லிக்கடை அம்மா. என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டு, "நீ வேணாம் தம்பி, வண்டிக்கு உன்னத் தெரியவே தெரியாது" என்று ஒதுக்கினார். எனக்கு வந்த கோபம் கொஞ்சநஞ்சமில்லை. பானெட்டிலும் இரண்டு மட்கார்டுகளிலும் சாக்கு விரித்து ஆட்களை ஏற்றினார். யாரும் சிரிக்கக்கூடாது, இருமக்கூடாது. இட்லிக்கடை அம்மா, "தோ பாரு, இட்லி வெந்துடும், சீக்கிரம்" என்றதற்கு ஒரு அத்தான்சியோன் விழுந்தது. அம்மா கோயில் சிலையாகிவிட்டார். நடுநடுவே சன்னலைத் திரும்பிப் பார்த்துக்கொண்டார் சொல்தா. சன்னலோரம் கட்டிலில் மதாம் சாய்ந்திருந்தார்.

கார் மூக்கைத் தரையில் வைக்காத குறையாக அமுங்கியது. கோவிந்தன் அடியில் புகுந்து, ஸ்பிரிங்கின் சுருள்களைச் சேர்த்து இரும்புப் பட்டைகள் போட்டு, மில் கருவியால் முறுக்கி, கிளிப் அடித்தார். ஆட்கள் இறங்கினார்கள். மூக்கு எழுந்திருக்கவில்லை. "இன்னா கட்டு பாத்தீங்களா!" என்று மார்பைத் தட்டிக்கொண்டார் கோவிந்தன். தெரு கைதட்டியது. அவர் பீடி பற்றவைத்துக்கொண்டு ராஜநடையில் வீட்டுக்குப் போனார்.

பிறகு நாள் முழுக்க சொல்தாவின் தனி ராஜ்யம். ஜாக்கி வைத்தார், சக்கரம் கழற்றினார், மேலே போல்ட்டுகளை விடுவித்து முன்னங்காலை மெல்ல வெளியே இறக்கினார். பட்டை கட்டிய ஸ்பிரிங்கைப் பழைய காலிலிருந்து உருவிப் புதிய காலில் ஏற்றினார். நான் ஸ்பேனர் எடுத்துக் கொடுத்தேன். சாயங்காலம் இரண்டு கால்களும் ஏறிவிட்டன.

மறுநாள் சோதனை. மதாமின் இடத்தில் நான். மடியில் விளிம்புவரை காபி நிரப்பிய டம்ளர். ரயில்வே கேட்டைத் தாண்டி ஒரு சொட்டு சிந்தாவிட்டால் மதாம் அரியாங்குப்பம் போகலாம். இதுதான் ஏற்பாடு. வண்டி மட்டும் இன்னும் குனிந்தே இருந்தது. "புதுக் கால். பழகணும்" என்றார்.

பழகவில்லை. தெருமுனைக்குள் பாதி காபி என் சட்டையில். மணிக்கூண்டு அருகே என் தலை கூரையில் முட்டியது. அங்கே ஒரு போலீஸ்காரர் கையைக் காட்டி நிறுத்தி, நேராக என் பக்கம் வந்தார். வலதுபக்கம் உட்கார்ந்திருப்பவன்தானே டிரைவர்?

"ஏன்யா, ஸ்டீரிங்கக் கழட்டி வச்சுட்டு காபி குடிக்கறியா?"

"ஐயோ சார், நான் ஓட்டல. அவர்தான் ஓட்டறார்."

"அப்ப நீ யாரு?"

"நான் மதாம் சார்" என்றேன். வேறென்ன சொல்வது?

அவர் என்னையும் டம்ளரையும் பார்த்துவிட்டு, போகச் சொல்லிக் கையை அசைத்தார். கேட்டைத் தாண்டியபோது டம்ளரில் சிந்துவதற்கு எதுவும் மிச்சமில்லை. என் இடுப்பே கழன்றுவிட்டது. மதாமின் இடுப்பு என்னவாகியிருக்கும்? சொல்தா வண்டியைத் திருப்பினார். வீட்டுக்குள் போய், தொப்பியைக் கழற்றிக் கட்டிலின் ஓரத்தில் வைத்தார்.

"முடியல ம்மா. என்னால முடியல" என்றார். மாடிப்படியில் நின்றிருந்த எனக்குக் கேட்டது.

அடுத்த சில நாட்கள் தெருவில் அத்தான்சியோனே கேட்கவில்லை. கீரைக்கார அம்மா கூடையை இறக்கிவிட்டு வீட்டை எட்டிப்பார்த்தார். "உடம்பு கிடம்பு சரியில்லயா அவுருக்கு?" சத்தம் இல்லாத தெருவை யாருக்கும் பிடிக்கவில்லை. எனக்குச் சுத்தமாகப் பிடிக்கவில்லை.

ஒரு சாயங்காலம் மில்லிலிருந்து வந்துகொண்டிருந்த கோவிந்தனை மதாம் சன்னல் வழியே கூப்பிட்டார்.

"கோவிந்தா, அன்னைக்கு ஸ்பிரிங்குக்குப் பட்ட போட்டியே, அத எப்ப அறுத்த? நான் பாக்கவே இல்லயே."

கோவிந்தன் நெஞ்சில் கைவைத்துக்கொண்டார். "நானா? நான் எதுக்குங்க மதாம் அறுக்கணும்? கட்டறதோட எங்க வேல முடிஞ்சுது. அறுக்கறது சரக்கு எடுக்கறவங்க வேல. எங்க அப்பா காலத்துலேர்ந்து நாங்க கட்டுன பட்டய நாங்க அறுத்தது கெடயாது."

உள்ளேயிருந்து சொல்தா வந்தார். "நீ கட்டுனது. நீதான அறுக்கணும்? ஒருத்தன் போஸ்ட்டுல இன்னொருத்தன் கை வைக்கறது பட்டாளத்துல பெரிய குத்தம்!"

"அப்ப அது இன்னும் கட்டுலதான் கெடக்குதா?" என்றார் மதாம்.

மூவரும் காரைப் பார்த்தார்கள். நான் மாடியிலிருந்து பார்த்தேன். அடக் கடவுளே! கால் மாற்றி, அந்தக் காலைக் கட்டிப்போட்டே அதை ஓடச்சொல்லியிருக்கிறோம். அங்கே மில் சட்டம், இங்கே பட்டாளச் சட்டம். நடுவில் அகப்பட்டது என் இடுப்பு.

மறுபடியும் சாக்கு விரித்தார்கள். மறுபடியும் மளிகைக்கடைக்காரர், டிரில் மாஸ்டர், இட்லிக்கடை அம்மா. கனம் ஏறி பட்டைகள் தளர்ந்தால்தான் ஆபத்தில்லாமல் அறுக்கமுடியும். "அத்தான்சியோன்!" என்று அவர் கத்தியதும் தெருவே "அப்பாடா!" என்றது. கோவிந்தன் தன் கட்டு அறுபடுவதைப் பார்க்கமாட்டேன் என்று சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டார். சொல்தா தகரம் வெட்டும் கத்தரியோடு அடியில் படுத்தார். டங். டங். பட்டைகள் ஒவ்வொன்றாக விழுந்தன. பிறகு ஆட்கள் ஒவ்வொருவராக இறங்க இறங்க, கார் மூக்கை மெல்ல மெல்ல நிமிர்த்தியது. கடைசியாக இட்லிக்கடை அம்மா குதித்ததும், ஒரு பெருமூச்சோடு எழுந்து நின்றது. சன்னலில் மதாம் வாய்விட்டுச் சிரித்தார். அந்தச் சிரிப்பைக் கேட்டு எவ்வளவோ மாதங்கள் ஆகியிருந்தன.

மறுபடியும் டம்ளரோடு நான். மறுபடியும் அதே போலீஸ்காரர். இந்தமுறை சல்யூட் அடித்து, "போங்க மதாம்" என்றார். ரயில்வே கேட் வந்தது. வண்டி ஏறியது, இறங்கியது. விளிம்பில் காபி ஒருமுறை நெளிந்தது. சிந்தவில்லை. சொல்தா வண்டியை ஓரங்கட்டி, டம்ளரை என் கையிலிருந்து வாங்கி, ஆறிப்போன காபியைக் கடைசிச் சொட்டுவரை குடித்தார். அவர் கண் கலங்கியிருந்தது. எனக்கும்தான்.

அன்று மாலையே மதாம் போனார். மடியில் அக்காவுக்காக மீன்குழம்புச் சட்டி. துணைக்கு நான் பின்னிருக்கையில். சொல்தா ஓட்டிய வேகத்தில் ஒரு கட்டைவண்டி எங்களைத் தாண்டிப் போனது. தெருவில் முழங்குகிற அத்தான்சியோன் காருக்குள் வேறுமாதிரி இருந்தது. ஒவ்வொரு பள்ளத்துக்கும் முன்னால் கொஞ்சம் குனிந்து, தூங்குகிற குழந்தையை எழுப்பாத குரலில், "அத்தான்சியோன், ம்மா" என்றார். மதாம் ஒவ்வொரு முறையும் "ம்" என்றார்.

நான் பொறுமை இழந்து, "முசியே, இந்த வேகத்துல போறதுக்கு பழைய காலே போதுமே?" என்றேன்.

"புதுக் கால் வண்டிக்குத் தம்பி. இந்த வேகம் அவளுக்கு" என்றார்.

அரியாங்குப்பத்தில் அக்கா தங்கையின் கையைப் பிடித்துக்கொண்டார். மதாம் ஒரு வாய் சோற்றில் குழம்பைப் பிசைந்து ஊட்டினார். நான் வெளியே வந்துவிட்டேன். அக்கா இருந்தவரை ஞாயிற்றுக்கிழமை தவறாமல் அந்தக் கார் போய்வந்தது.

அக்கா போனார். சில வருடங்கள் கழித்து மதாமும் போனார். எனக்குக் கல்யாணமாகி, முதலியார்பேட்டைக்குக் குடிபோயிருந்தேன். ஒரு ஞாயிற்றுக்கிழமை அந்த ரயில்வே கேட்டருகே சைக்கிளில் வந்துகொண்டிருந்தபோது பக்கத்தில் அதே சாம்பல் நிறக் கார், அரியாங்குப்பம் பக்கமிருந்து திரும்பிக்கொண்டு, அதே கட்டைவண்டி வேகத்தில். மனிதர் தனியாக இருந்தார். வலதுபக்க இருக்கை காலி. தண்டவாளம் நெருங்கியதும் அவர் லேசாகக் குனிந்து, அந்தப் பக்கம் திரும்பி, "அத்தான்சியோன், ம்மா" என்றார். கொஞ்சம் காத்திருந்தார். பிறகுதான் தண்டவாளத்தின்மேல் வண்டியை ஏற்றினார்.

எனக்கு அன்றைக்கு வேறு திசையில் வேலை இருந்தது. ஆனாலும் சைக்கிளைத் திருப்பி, அவருக்குப் பின்னாலேயே, அவர் வேகத்திலேயே, முத்தியால்பேட்டை வீட்டுவாசல்வரை போய்விட்டு வந்தேன்.