டம்ளரக்காவும் ஒன்பது கிணறுகளும்

கிழக்குத் தாம்பரத்தில் பூமிக்கு அடியில் என்ன நடக்கிறது என்பது பகவானுக்கே கொஞ்சம் தாமதமாகத்தான் தெரியும். முதலில் டம்ளரக்காவுக்குத் தெரிந்துவிடும். இதை மிகை என்று நினைப்பவர்கள் எண்பதுகளில் சேலையூர்ப் பக்கம் குடியிருந்திருக்க மாட்டார்கள்.

அக்காவுக்கு அப்பா அம்மா வைத்த பெயர் ஒன்று உண்டு. தபால் ஆபீஸ் கவுன்டரில் ஸ்டாம்பு கிழித்துக் கொடுத்து, அந்தப் பெயரில்தான் சம்பளம் வாங்கினார். எங்கள் பேட்டையில் அந்தப் பெயரைச் சொன்னால் யாருக்கும் தெரியாது. டம்ளரக்கா என்றால் தெருநாய்கூட வழி காட்டும்.

காரணம், அவருடைய மொபெட்டில் தொங்கிய மஞ்சள் பை. பைக்குள் ஒரு நீளக் கயிறு. அடிக்கு ஒரு முடிச்சு, ஐந்தடிக்கு ஒரு சிவப்புத் துணி. நுனியில் கவிழ்த்துக் கட்டிய எவர்சில்வர் டம்ளர். மாதத்தின் முதல் ஞாயிற்றுக்கிழமை காலை ஆறு மணிக்குக் கிளம்பி, சேலையூரிலிருந்து செம்பாக்கம் வரை நாற்பத்தோரு வீட்டுக் கிணறுகளில் அந்த டம்ளரை இறக்குவார். கவிழ்ந்த வாய் தண்ணீரைத் தொட்டதும் 'ளொபக்' என்று ஒரு சத்தம் வரும். உடனே கயிற்றை விரலால் பிடித்து, முடிச்சை எண்ணி, நோட்டில் எழுதிக்கொண்டு அடுத்த வீட்டுக்குப் போய்விடுவார். அரசாங்கம் சொல்லவில்லை. ஒருவரும் கேட்கவுமில்லை. "எதுக்குக்கா இதெல்லாம்?" என்றால், "யாராவது அளக்கணுமில்ல?" என்பார். 

நான் அவரை முதலில் சந்தித்தபோது என் உடம்பு முழுக்க சோப்பு. கல்யாணமாகி ஆறு மாதம், புது வாடகை வீடு, குடிவந்த முதல் ஞாயிறு. காலையில் மோட்டாரைப் போட்டுவிட்டுக் குளிக்கப் போனேன். பாதிக் குளியலில் மோட்டார் நின்றது. துண்டோடு எட்டிப் பார்த்தால், சுவிட்ச் பக்கத்தில் கண்ணாடி போட்ட ஓர் ஒல்லியான பெண்மணி.

"யாரு மோட்டார் போட்டது?"

"நான்தாங்க. குளிக்கலாம்னு..."

"எத்தனை நிமிஷம் ஓடிச்சு?"

"பத்து நிமிஷம் இருக்கும்."

"இருக்கும்னா? பத்தா, பன்னண்டா? கரெக்டா சொல்லுங்க சார்."

இறைத்த தண்ணீர் கிணற்றில் பழையபடி ஊறி நிற்கும்வரை அளக்க முடியாதாம். துணி துவைக்கிற கல்லில் உட்கார்ந்துவிட்டார். முக்கால் மணி நேரம். அவருக்கு என் மனைவி காபி போட்டுக் கொடுத்தாள். எனக்கு ஒரு சொம்புத் தண்ணீர்கூட வரவில்லை. சோப்பு காய்ந்து பொருக்குத் தட்டிவிட்டது. அளந்து முடித்துக் கிளம்பும்போது மனைவியிடம், "உங்க வீட்டுக்காரர் நல்ல மாதிரிதாம்மா. கொஞ்சம் அவசரம்" என்று சான்றிதழ் வேறு கொடுத்துவிட்டுப் போனார். அன்றிலிருந்து முதல் ஞாயிறுகளில் எங்கள் தெரு மொத்தமும் அழுக்காகத்தான் விடியும்.

அந்த 'ளொபக்' காதில் விழ வேண்டும் என்பதற்காக அக்கா எதையும் நிறுத்துவார். ராஜகீழ்ப்பாக்கத்தில் ஒரு வீட்டில் கல்யாணம். கொல்லையில் பந்தல், கிணற்றுக்குப் பக்கத்திலேயே நாதஸ்வரக் கோஷ்டி. மாப்பிள்ளை தாலியைக் கையில் எடுத்துவிட்டார், கெட்டிமேளம் காதைப் பிளக்கிறது. அக்கா நேராகப் போய்த் தவில்காரர் தோளைத் தட்டி, "ஒரு நிமிஷம் நிறுத்துங்க" என்றார். அந்தக் குரலில் இருந்த அதிகாரத்தில் அவரும் நிறுத்திவிட்டார். பந்தலே உறைந்து நின்றது. ளொபக். "இருபத்தி ரெண்டே கால். தேங்க்ஸ். நீங்க அடிங்க." தாலி ஏறியது. அந்தத் தம்பதிக்கு முதலில் பிறந்தது இரட்டைப் பிள்ளைகள். அந்த அமைதிதான் காரணம் என்று பெண்ணின் அத்தை கடைசிவரை சாதித்தாள்.

சாவு வீட்டையும் விட்டதில்லை. எங்கள் எதிர்வீட்டுப் பெரியவர் ஒரு முதல் ஞாயிறன்று காலமானார். அக்கா வந்தார், அவர் மனைவியைக் கட்டிக்கொண்டு உண்மையாகவே விம்மி விம்மி அழுதார், முகத்தைத் துடைத்துக்கொண்டு பின்பக்கம் போய் அளந்தார், திரும்பி வந்து விட்ட இடத்திலிருந்து அழுதார். ஒருவருக்கும் அது தப்பாகப் படவில்லை.

ஆனால் கேலி ஒரு பக்கம் இருந்தாலும், அந்த நோட்டைத் திறந்தால் எங்களுக்கு உடம்பு சிலிர்க்கும். என் மகளின் முதல் பிறந்தநாளுக்கு வந்தவர், நோட்டைப் புரட்டி, "இவ பொறந்த மாசம் உங்க கிணறு பன்னண்டே கால் அடி. நல்ல மழை" என்றார். என் வாழ்க்கையே எங்கேயோ பத்திரமாக எழுதி வைக்கப்பட்டிருப்பதுபோல் இருந்தது. பன்னிரண்டாக இருந்தது பதினைந்தாகி, இருபதாகி, ஒவ்வொரு கோடையிலும் தண்ணீர் கொஞ்சம் கொஞ்சமாகக் கீழே போய்க்கொண்டிருந்ததும் அதே நோட்டில் இருந்தது. நாங்கள் அதைப் பார்த்தும் பார்க்காத மாதிரி இரண்டு அடி ஆழம் வெட்டிக்கொண்டு பிழைப்பைப் பார்த்தோம்.

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் ஒரு பேராசிரியர் ஸ்டாம்பு வாங்க வந்தார். கவுன்டர் மேல் கிடந்த நோட்டைத் தற்செயலாகப் பார்த்தவர், ஸ்டாம்பை மறந்துவிட்டு அங்கேயே ஒரு மணி நேரம் நின்று படித்தாராம். பதினாறு வருடம், ஒரு மாதம்கூட விடாமல் ஒரு புறநகரின் நிலத்தடி நீரைத் தனி ஆளாக அளந்த கணக்கு உலகத்தில் வேறெங்கும் கிடைக்காது என்று நகல் எடுத்து வெளிநாட்டுக்கு அனுப்பினார். ஐரோப்பாவின் வடக்கே ஏதோ ஒரு குளிர் தேசத்தில், சுற்றுச்சூழல் விஞ்ஞானத்துக்காகத் தருகிற சர்வதேச விருது. கடைசிச் சுற்றில் மூன்றே பேர். மற்ற இருவருக்கும் பெயருக்குப் பின்னால் ஒரு முழ நீளத்துக்குப் பட்டங்கள். மூன்றாவது, எங்கள் டம்ளரக்கா. மே மாதம் முதல் ஞாயிறு, நடுவர்களில் ஒருவர் நேரில் வந்து அவர் அளப்பதைப் பார்ப்பார் என்று கடிதம் வந்தது.

தெருவுக்குக் கால் தரையில் பாவவில்லை. நலச் சங்கத் தலைவர் ஆறுமுகம் அண்ணன் அவசரக் கூட்டம் போட்டார். ஆறுமுகம் அண்ணன் இந்த மண்ணின் பூர்வகுடி. அப்பா காலத்தில் பயிர் வைத்த நிலம் மனையாகிவிட, மாடம்பாக்கத்தில் மிச்சமிருந்த கொல்லைக் கிணற்றை வைத்துத் தண்ணீர் லாரி ஓட்டிக்கொண்டிருந்தார்.

"இன்னா சார் இது, தெருவுல ஒம்போது கெணறும் காஞ்சி கீது. வெள்ளக்காரன் வந்து எட்டிப் பாத்தான்னா சேறுதான் தெரியும். அக்கா மானம் இன்னாத்துக்கு ஆவும்?"

"விருது தர்றது அளக்கறதுக்குத்தானேண்ணே?" என்றேன் சந்தேகமாக.

"ந்தா, சந்தைக்கு மாட்ட ஓட்டினு போறோம். அப்டியேவா ஓட்டினு போவோம்? குளுப்பாட்டி, கொம்பு சீவி, வயிறு ரொம்ப தீனி வச்சித்தானே ஓட்டினு போவோம்? வர்றவன் முன்னாடி நம்ம கெணறு பட்டினியா நிக்கலாமா?"

பட்டதாரிகள் ஏழு பேர் இருந்த கூட்டம் அது. எழுவரும் தலையாட்டினோம். சனிக்கிழமை அக்கா கவுன்டருக்குப் போனதும், ஆறுமுகம் அண்ணனின் லாரியும் அவர் மச்சான் லாரியும் மாறி மாறி வந்தன. அண்ணன் எங்களிடம் காலணா வாங்கவில்லை. ஒன்பது கிணற்றிலும் தண்ணீர் ஏறி நின்றது. எங்கள் கிணற்றில் குழாயைப் பிடித்தது சாட்சாத் நானேதான். அக்காவிடம் மூச்சு விடக்கூடாது என்று குழந்தைகளிடமெல்லாம் சத்தியம் வாங்கினோம்.

ஞாயிறு காலை. வெள்ளை முடியும் சிவந்த மூக்குமாக நடுவர், பக்கத்தில் கோட்டுப் போட்ட பேராசிரியர், தெரு முழுக்கக் கோலம். முதல் கிணறு எங்களுடையது. அக்கா டம்ளரை இறக்கினார். மூன்று சிவப்புத் துணி தாண்டியதுமே ளொபக்.

அக்கா குனிந்து உள்ளே பார்த்தார். கயிற்றை மேலே இழுத்து முடிச்சுகளைச் சரிபார்த்தார். மறுபடி இறக்கினார். ளொபக். பிறகு வாளியை விட்டுத் தண்ணீரை மொண்டு, ஒரு வாய் குடித்துப் பார்த்தார். கூட்டத்தில் முகம் முகமாகத் தேடி ஆறுமுகம் அண்ணனிடம் வந்து நின்றது அவர் பார்வை.

"அண்ணா, இது உங்க மாடம்பாக்கத்துக் கொல்லைக் கிணத்துத் தண்ணி."

ஒரு வாய் தண்ணீரில் ஊரும் கிணறும் சொன்ன மனுஷியை நான் அதற்கு முன்னும் பார்த்ததில்லை, பின்னும் பார்த்ததில்லை. 

விஷயம் புரிந்த பேராசிரியர் பதறிப்போய்க் குரலைத் தாழ்த்தினார். "மேடம், கயிறு காட்டற அளவை எழுதிடுங்க. இந்த ஒரு மாசம் விட்டுப்போச்சுன்னா பதினாறு வருஷத் தொடர்ச்சி போயிடும். விருதும் போயிடும். இவருக்கு என்ன தெரியப் போகுது?"

"எனக்குத் தெரியுமே சார்" என்றார் அக்கா.

பிறகு நடுவரிடம் திரும்பி, மணியார்டர் பாரம் தப்பாக எழுதியவர்களிடம் பேசுகிற அதே குரலில், "சார், திஸ் ஈஸ் லாரி வாட்டர். நாட் வெல் வாட்டர். டுடே நோ ரீடிங்" என்றார்.

"நான்தாங்க்கா பண்ணேன்!" ஆறுமுகம் அண்ணன் தெருவே பார்க்கத் தலையில் அடித்துக்கொண்டார். "ஒனக்கு ஒசத்தி சேக்கறேன்னு போயி, குயி தோண்டி வச்சிட்டேனே!"

அக்கா திட்டுவார், அழுவார் என்று காத்திருந்தோம். அவர் நோட்டில் எதையோ எழுதினார்.  பிறகு அவர் கண்ணில் ஒரு வெளிச்சம் வந்தது. ஊற்றின தண்ணீரை எந்தக் கிணற்று மண் எவ்வளவு வேகமாகக் குடிக்கிறது என்று பார்த்துவிடலாமாம். இப்படி ஒரு சந்தர்ப்பம் இனி கிடைக்காதாம். மணிக்கு ஒருமுறை ஒன்பது கிணறும், நடுநடுவே மற்ற தெருக்களின் வழக்கமான அளவும். நடுவர் கால்சட்டையை மடித்துக்கொண்டு கயிற்றைப் பிடித்தார். மாலைக்குள் அவரும் உதட்டில் விரல் வைத்து எங்களை அதட்ட ஆரம்பித்துவிட்டார். அசல் கிறுக்கு எந்த தேசத்திலும் ஒன்றுதான் என்று அன்று தெரிந்துகொண்டேன். கிளம்பும்போது அக்காவைக் குனிந்து வணங்கிவிட்டுப் போனார்.

விருது வரவில்லை. பதிவில் இடைவெளி இருப்பதால் குழு ஒப்புக்கொள்ளவில்லை, நேரில் வந்துபோன நடுவர் மட்டும் கடைசிவரை வாதாடினாராம். கடிதம் வந்த வாரம் எங்கள் தெருவில் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கவில்லை. அடுத்த முதல் ஞாயிறன்று ஒன்பது வீட்டிலும் கதவு சாத்தியிருந்தது. என்ன முகத்தோடு அவர் எதிரில் போய் நிற்பது?

மொபெட் சரியாக ஆறு மணிக்கு வந்தது. அக்கா ஆறுமுகம் அண்ணன் வீட்டுக் கதவைத் தட்டினார்.

"அண்ணா, திறங்க. கிணறு பாக்கணும்."

"எம்மூஞ்சில முழிக்காதக்கா. ஒன் வாழ்க்கையே நான் கெடுத்துட்டு குந்திகினு கீறேன்."

அக்கா ஜன்னல் வழியாக நோட்டை நீட்டினார். மே மாதப் பக்கம். அளவு எடுப்பது ஒரு நாள் தள்ளிப்போனால் ஏன் என்று எழுத ஓரத்தில் ஒரு கட்டம் உண்டு. 'வீடு பூட்டியிருந்தது', 'நாய் விடவில்லை' என்றெல்லாம் அதில் எழுதுவார். அந்த ஞாயிறன்று பேராசிரியர் கெஞ்சக் கெஞ்ச அவர் என்ன எழுதினார் என்பது எங்களுக்குத் தெரியாது. சத்தம் கேட்டு நான் போய் நின்றபோது, ஆறுமுகம் அண்ணன் விரலை வைத்து எழுத்துக் கூட்டிப் படித்துக்கொண்டிருந்தார். ஒன்பது வரி, ஒன்பதிலும் ஒரே வாசகம்.

'அளவு இல்லை. காரணம்: என் மேல் பிரியம்.'

"இதையெல்லாமா எழுதுவாங்கக்கா?" என்றார் அண்ணன். 

"நடந்ததைத்தானே எழுதணும்?" என்றார் அக்கா.

அந்தப் பக்கத்தின் நகலும் குளிர் தேசத்துக்குப் போனது. அங்கே அதை யார், எப்படி மொழிபெயர்த்துப் படித்தார்களோ, தெரியவில்லை. எனக்கு வாழ்க்கையில் ஒரு பரிசும் பட்டமும் கிடைத்ததில்லை. ஆனால் அந்த ஒன்பது வரியில் முதல் வரி எங்கள் வீடு.