பாதாளத்தில் நீட்டிய கை

எனக்குச் சாகத் தெரியாது. இதை டைரக்டர் ஆறு முறை சொன்னார், நான்தான் கேட்கவில்லை.

பூமிக்கு அடியில் பல மைல் இறங்கிப் போகும் ஒரு குழுவைப் பற்றிய டிவி தொடர் அது. தேனிப் பக்கம் ஒரு பழைய செம்மண் குவாரியில் செட் போட்டிருந்தார்கள். எனக்குக் கயிறு சுமக்கும் கூலியாள் வேடம். வசனம் கிடையாது. மூன்றாவது வாரமே மண் சரிந்து சாக வேண்டும். (அப்போது எனக்கு இருபத்து மூன்று வயது. எங்கள் ஊர் மார்க்கையன்கோட்டையில் என்னைவிட அழகன் கிடையாது என்பது எனக்கு மட்டும் தெரிந்திருந்தது.)

ஆறு டேக்கிலும் முகமெல்லாம் மண். ஊர்க்காரர்களுக்கு என்னை எப்படி அடையாளம் தெரியும்? ஏழாவது டேக்கில், யாரும் சொல்லாமலே, மண்ணுக்கு வெளியே வலது கையை நீட்டி விரல்களை ஆட்டினேன். அம்மா கட்டிவிட்ட சிவப்புக் கயிறு மணிக்கட்டில் பளிச்சென்று தெரிந்தது.

"சூப்பர் தம்பி, ஓகே!" என்றார் டைரக்டர். செத்த பெருமையோடு எழுந்தேன்.

ஒளிபரப்பான ஞாயிற்றுக்கிழமை காலை, தெருவையே வீட்டுக்குக் கூப்பிட்டிருந்தேன். சாகப்போவதை மட்டும் சொல்லவில்லை. (சஸ்பென்ஸாம்!)

மண் சரிந்தது. கை வந்தது. பாராட்டை எதிர்பார்த்து அம்மாவைத் திரும்பிப் பார்த்தேன். அவள் அலறிக்கொண்டு ஓடி, அந்தக் கையைப் பிடித்து இழுக்கப் போனாள். டிவி ஸ்டாண்டோடு கவிழ்ந்தது.

"யம்மா, நான் இங்கனதான் நிக்கிறேன்!"

அவளுக்குக் காதில் விழவில்லை. சித்திதான் என் தலையில் நறுக்கென்று குட்டினாள்.

"கூறுகெட்ட பயலே, ஒங்கப்பா எப்பிடிச் செத்தாக?"

கிணறு வெட்டும்போது மண் சரிந்து. எனக்கு அப்போது இரண்டு வயது. அது தெரிந்திருந்தும், டிவியில் வருகிற ஆசையில் ஒருமுறைகூட யோசிக்கவில்லை.

"அன்னைக்கு வெளிய தெரிஞ்சது கை மட்டுந்தாம்லே. ஆளுக வந்து தோண்டுற வரைக்கும் எங்கக்கா அதப் புடிச்சுக்கிட்டே உக்காந்திருந்தா."

இதை மட்டும் யாரும் என்னிடம் சொன்னதில்லை. வெட்கத்தில் அந்தக் குவாரிக்கே திரும்பிப் போய்ப் படுத்துக்கொள்ளலாம் போலிருந்தது.

அன்று முழுக்க அம்மா என் வலது கையை விடவில்லை. மத்தியானச் சோற்றை இடது கையால் தின்றேன். (கழிப்பறைக்குப் போகச் சித்தியை ஜாமீன் வைக்க வேண்டியிருந்தது.)

இன்றும் நான் ஊரிலிருந்து கிளம்பும்போது, பஸ் ஜன்னல் வழியே டாட்டா காட்டக் கையை நீட்டினால், "கைய எறக்குலே, நடிச்சது போதும்" என்பாள் அம்மா. கதை தெரிந்த உள்ளூர் ஆட்கள் எல்லோரும் சிரிப்பார்கள். அவளும் சிரிப்பாள். ஆனால் பஸ் நகரும்வரை அந்தக் கையை விடமாட்டாள்.