உருவ ஒப்புமைச் சான்று

எங்கள் மேலதிகாரி மூன்று நாள் பயிற்சிக்குக் கையை வீசிக்கொண்டு போனார். திரும்பும்போது ஆளுயரக் கண்ணாடி ஒன்றுடன் வந்தார். தன்னைத் தானே அறிவது இப்போது எல்லா அலுவலகங்களிலும் நடைமுறைக்கு வந்துவிட்டதாம். அந்தக் கண்ணாடி ஆளின் மெய்யான உருவத்தைக் காட்டுமாம். யார் செய்தது, எங்கே செய்தது என்று அதில் எதுவும் எழுதியிருக்கவில்லை.

மறுநாள் சுற்றறிக்கை வந்தது. எழுத்தர் என்ற முறையில் அதை எழுதியது நான்தான். "ஊழியர் ஒவ்வொருவரும் மேற்படி கண்ணாடியில் தம்மைக் கண்டு, உருவ ஒப்புமைச் சான்று பெற வேண்டும். சான்று பெறாதோர் பணியில் நீடிக்க இயலாது."

முதலில் மேலதிகாரி நின்றார். கண்ணாடியில் நாற்காலி தெரிந்தது. நாற்காலியின் முதுகில் அவர் கோட்டு தெரிந்தது. அவரைக் காணவில்லை.

"வெளிச்சம் பத்தல," என்றார்.

"ஆமா சார், பொழுது சாயற நேரம்," என்றார் கண்காணிப்பாளர். அப்போது காலை மணி பத்தரை.

கண்காணிப்பாளர் நின்றபோது தலை மட்டும் தெரிந்தது. அது மேலும் கீழும் ஆடிக்கொண்டே இருந்தது. எனக்கு ஒரு ரப்பர் முத்திரை தெரிந்தது. வட்ட முத்திரை. எங்கள் அலுவலகத்தில் வட்ட முத்திரைக்கு மதிப்பு அதிகம் என்பதால் உள்ளூர ஒரு சின்னச் சந்தோஷம்கூட வந்தது.

கடைசியாகத் துப்புரவு அக்கா. பதினோரு வருடமாகத் தற்காலிகம். நிரந்தரமாக்கும் கோப்பு ஒரே ஒரு கையெழுத்துக்குக் காத்திருந்தது. அக்கா கண்ணாடியைத் துடைத்தார், நெற்றியில் விழுந்த முடியை ஒதுக்கினார்.

"என்னம்மா தெரியுது?" என்றார் மேலதிகாரி.

"நான்தான் சார்."

"வேற?"

"வேற யாருமில்ல சார். நான், கையில துணி."

"அதெப்படி? நாப்பத்திரண்டு பேர் பாத்தோம். ஒருத்தருக்காவது அவங்கவங்க உருவம் தெரிஞ்சுதா?"

"அதுக்கு நான் என்ன சார் பண்ணுவேன்?"

குழு அமைக்கப்பட்டது. கண்ணாடி பழுது என்று குழுவால் சொல்ல முடியவில்லை. அதைத் தேர்ந்தெடுத்தவர் மேலதிகாரி. மேலதிகாரி பழுது என்றும் சொல்ல முடியவில்லை. குழுவை அமைத்தவரும் அவரே. ஆகவே, பெரும்பான்மையோருக்குத் தெரிந்ததே முறையான தோற்றம் என்று ஒருமனதாக முடிவாயிற்று. நாற்பத்திரண்டு பேருக்கும் சான்று கிடைத்தது. "ஆளும் உருவமும் ஒன்றாகவே இருப்பது ஐயத்துக்குரியது" என்று அக்காவுக்கு மட்டும் மறுக்கப்பட்டது. மாதக் கடைசியோடு வேலை இல்லை.

அக்கா என் மேசைக்கு வந்தார்.

"குறிப்பு எழுதறது நீங்கதானே சார்? கண்ணாடி சரியாத்தான் காட்டுதுன்னு ஒரு வரி எழுதுங்க. அது போதும்."

எழுதியிருக்கலாம். எழுதினால் நான் முத்திரை என்பதும் சரியாகிவிடும். "பாக்கலாம்கா" என்று சொல்லிவிட்டு, குழு சொன்னதை எழுதினேன். வெட்கமாகத்தான் இருந்தது. அதற்குத் தனிப் படிவம் இல்லாததால் பதிவாகவில்லை.

செய்தி வெளிக்கூடத்தில் வரிசையில் நின்ற பொதுமக்களுக்கு எட்டியது. எந்தப் படிவம், எந்த ஜன்னல் என்று அவர்களுக்கு இத்தனை வருடம் வழி சொன்னது அக்காதான். கூடம் கொதித்தது.

"அநியாயம்! இந்த ஆபீஸ்ல வேலை செய்யறதே அந்தம்மா ஒருத்தங்கதான்!" என்று வாத்தியார் ஒருவர் மேசையைத் தட்டினார்.

மேலதிகாரி நிதானமாகச் சொன்னார்: "கண்ணாடி சரின்னு நீங்க சாட்சி சொல்லுங்க. அந்தம்மா கோப்புல இப்பவே கையெழுத்துப் போடறேன். வந்து பாருங்க."

கண்ணாடியைக் கூடத்துக்குக் கொண்டுவந்தார்கள். அக்கா ஓரமாக நின்று பார்த்துக்கொண்டிருந்தார். வாத்தியார் முன்னால் போய் நின்றார். ஒரு முழங்கை தெரிந்தது. முன்னால் நிற்பவரை இடித்து விலக்கிக்கொண்டிருக்கும் முழங்கை. அவர் சட்டைப் பொத்தானைச் சரிசெய்தார்.

"வாத்தியாரய்யா, சொல்லுங்க," என்றார் அக்கா.

"இதுல ஏதோ கோளாறு இருக்கும்மா," என்று சொல்லிவிட்டு நகர்ந்தார்.

அடுத்தவர் பார்த்தார். அதற்கடுத்தவரும் பார்த்தார். மதியத்துக்குள் இருநூறு கையெழுத்துடன் ஒரு மனு வந்தது: பொதுமக்கள் நலன் கருதி மேற்படி கண்ணாடியை உடனே அகற்ற வேண்டும்.

எங்கள் அலுவலகத்தின் வரலாற்றிலேயே இருபது நிமிடத்தில் தீர்வு கண்ட மனு அதுதான். "கண்ணாடி அகற்றப்பட்டாலும் அதன்பேரில் எடுத்த முடிவுகள் செல்லும்" என்று ஒரு வரி சேர்க்கச் சொன்னார் மேலதிகாரி. சேர்த்தேன்.

அகற்றும் வேலையும் அக்காவுக்கே வந்தது. தூக்குவதற்கு முன் ஒரு முறை நன்றாகத் துடைத்தார்.

"இத என்ன சார் செய்யறது?"

"எங்கயாவது தூக்கிப் போடும்மா."

"நல்ல கண்ணாடி சார். நான் வீட்டுக்குக் கொண்டுபோறேன்."

கண்ணாடியின் முகம் வெளிப்பக்கம் இருக்க, அதை இடுப்போடு அணைத்துக்கொண்டு கூடத்தின் நடுவே நடந்தார். யாருக்கும் ஒரு அடி விட்டுக்கொடுக்காத அந்த வரிசை இரண்டாகப் பிரிந்து வழிவிட்டது. எல்லோரும் சுவரைப் பார்த்தார்கள்.

கண்ணாடி என் மேசையைக் கடந்தபோது நான் குனிந்து, கைக்குக் கிடைத்த வெற்றுத் தாளில் முத்திரை குத்திக்கொண்டிருந்தேன்.