இசை: யாரோ

"கட்," என்றாள் இயக்குநர் பெனிற்றா. விசா அதிகாரியாக நடித்தவர் நிறுத்தவில்லை. கண்ணாடியைக் கழற்றினார், துடைத்தார், சன்னலுக்கு வெளியே பார்த்தார், செக் நாட்டு மாரிகாலம் முழுவதையும் முகத்தில் கொண்டுவந்தார், அதற்குப் பிறகுதான் விண்ணப்பத்தில் முத்திரை குத்தினார். திரைக்கதையில் அதிகாரிக்கு ஆறு விநாடி என்று எழுதியிருந்தது. எடுத்தது நாற்பது.

"உந்த மனுசன் முத்திரை குத்திறதுக்குள்ள எனக்கு அழுகை காஞ்சு போச்சு," என்றாள் பெர்னடெற். பெனிற்றாவின் தாய், படத்தின் கதாநாயகியும் அவள்தான்.

இந்த இனத்தை உங்களுக்குத் தெரியும். கலியாணத்தை வீடியோ எடுக்க வந்து மாப்பிள்ளைக்குப் பக்கத்தில் தானும் நின்றுகொள்பவர், நன்றியுரைக்கு ஏறித் தலைமையுரையையும் ஆற்றிவிட்டு இறங்குபவர். இவர் அந்த இனத்தின் இசைப்பிரிவு. பின்னணி இசைக்காரர். ஆனால் பின்னணியில் இருக்கமாட்டார்.

பெயர் யாரோஸ்லாவ். பிராக்கில் பதினெட்டுப் படங்களுக்கு இசையமைத்தார், பதினெட்டிலும் நடித்தார்: தபால்காரர், குடிகாரர், ஒருமுறை பிணம். பிணம் தாளத்துக்கு மூச்சுவிட்டது. லண்டனில் எங்கள் ஆட்கள் எடுக்கும் குறும்படங்களுக்கு ஒரு வெள்ளைக்காரர் கட்டாயம் வேண்டுமல்லவா? வைத்தியர், பொலிஸ், வீட்டுக்காரர் என்று பதினொரு படங்களில் அத்தனை வெள்ளையரும் அவரே. இசையும் அவரே. கவனித்துக் கேளுங்கள். கதாநாயகி அழும்போது ஒற்றைப் பியானோ. பொலிஸ்காரர் கதவைத் தட்டும்போது நாற்பது வயலின்.

இந்த முறை அவருக்கு முதன்முதலாகத் தமிழ் வசனம். பிள்ளையையும் லண்டனுக்குக் கூப்பிடலாமோ என்று தாய் கேட்பாள். அதிகாரி "ஓம்" என்பார். அவ்வளவுதான். இரண்டு வாரம் குரோய்டன் ட்ராமில் கண்ணை மூடிக்கொண்டு அதையே சொல்லிப் பழகினார். நம்மவர் ஆமோதிக்கிற ஓம் அது என்று அறியாத சென்னைக்காரர் ஒருவர் கும்பிட்டு எழுந்து இடம் கொடுத்தார்.

படத்தொகுப்பில் அந்தக் காட்சியையே எடுத்துவிடப் போவதாக பெனிற்றா சொன்னாள். அவர் கோபப்படவில்லை. அப்படியானால் தன்னுடன் இசையும் வெளியே வந்துவிடும் என்று மிகப் பணிவாகச் சொன்னார். நாளை மறுநாள் திரையிடல். பெனிற்றா விட்டுக்கொடுத்தாள். படத்தில் நாற்பது விநாடியும் அப்படியே இருந்தது.

ஞாயிறு பின்னேரம், லூயிஷாமில் தேவாலயப் பங்கு மண்டபம். மூன்றாம் வரிசையில், சபைக்குத் தன் முகத்தின் நல்ல பக்கம் தெரியும்படி அமர்ந்தார். வயலின்கள் எழும்பின. கண்ணாடி துடைக்கப்பட்டது. "ஓம்." வெள்ளைக்காரன் தமிழ் சொல்லிவிட்டான், மண்டபம் கைதட்டியது. அவர் அரைவாசி எழுந்து தலைகுனிந்தார்.

பிறகு பெயர்கள் ஓடின. எல்லோரும் சுருக்கிக் கூப்பிடுகிறபடியே அவர் பெயரைப் பெனிற்றா போட்டிருந்தாள். தன் பெயரைத் தமிழில் வாசிக்க மட்டும் அவர் பழகியிருந்தார். விசா அதிகாரி: யாரோ. இசை: யாரோ.

பின்வரிசையில் சண்முகராசா கண்ணாடியை மறந்துவிட்டு வந்திருந்தார். "மியூசிக் ஆர் போட்டது?"

"யாரோ," என்றாள் அவர் மனைவி.

"அது எனக்கும் விளங்குது. ஆரெண்டு கேக்கிறன்."

"யாரோ எண்டுதானப்பா போட்டிருக்கு."

"அப்ப அந்த வெள்ளை?"

"அதுவும் யாரோதான்."

நான்கு வரிசை சிரித்தது. தன் பெயர் அவருக்கு நன்றாகக் கேட்டது, சிரிப்பும் கேட்டது. முகம் வெளிறிவிட்டது. முப்பது வருடமாகப் பயந்த சிரிப்பு அது. பக்கத்தில் இருந்த பெனிற்றாவின் கையைப் பிடித்து, என் பெயருக்கு உங்கள் மொழியில் என்ன அர்த்தம் என்று கேட்டார்.

அவள் ஆங்கிலத்தில் சொன்னாள். "சம்படி, அங்கிள்."

சம்படி. ஒரு ஆள். ஒரு பெரிய ஆள். பிராக்கில் ஒருவரும் சொல்லாததை லூயிஷாமில் ஒரு மண்டபமே சொல்லிச் சிரித்து மகிழ்கிறது. அவருக்குக் கண் கலங்கிவிட்டது. பெனிற்றா திருத்தப் பார்த்தாள். பிறகு கைக்குட்டையை எடுத்து நீட்டினாள்.

மறுநாள் திங்கள். மழை. பெனிற்றா காலை ஷிப்டுக்குப் போனாள். அவர் குரோய்டனுக்கு ட்ராமில் போய், யாரோ என்று தமிழில் மட்டும் அச்சிட்ட நூறு பெயரட்டைகளுக்குச் சொல்லிவிட்டு வந்தார். மத்தியானம், மண்டபத்தில் எல்லோரையும் எடுத்த புகைப்படம் வட்சப் குழுவுக்கு வந்தது. குழுவில் அறுபத்து மூன்று பேர். அறுபத்து மூன்று பேரும் திறந்து, விரலால் ஒரு முகத்தைப் பெரிதாக்கிப் பார்த்தார்கள். அவரவர் முகம். நீங்கள் அந்தக் குழுவில் இல்லை. உங்கள் குழுவுக்கு உங்கள் படம் வேறொரு நாள் வந்தது.