கருப்புப் பட்டியலில் ஓர் இடம்

விளாத்திகுளத்துக்குக் கிழக்கே, கரிசல் காட்டில் கண்ணுக்கெட்டிய தூரம்வரை சோலார் தகடுகளை நிறுத்தியிருந்தது ஓர் அரசு நிறுவனம். வெயிலுக்கு இந்தப் பக்கம் என்றைக்குமே தட்டுப்பாடு வந்ததில்லை என்பதால், நிறுவனத்துக்கு இருந்த ஒரே எதிரி புல். ஒரு மழை பெய்தால் போதும். புல்லும் சீமைக்கருவேலங் கன்றும் தகடுகளுக்கு மேலே தலையைத் தூக்கி, உரிய அனுமதியின்றி நிழல் கொடுக்கத் தொடங்கிவிடும்.

கோவில்பட்டி வெயிலுமுத்து அந்தப் புல்லை வெட்டும் காண்ட்ராக்டர். புதூர்ப் பக்கத்துப் பெண்களை லோடு ஆட்டோவில் கூட்டிப்போய் வேலையை முடித்துக் கொடுப்பார். அவர்மேல் இதுவரை ஒரு புகாரும் வந்ததில்லை. அடுத்த டெண்டரில் அவருடைய உறையைப் பிரிக்காமலே திருப்பிக் கொடுத்தார்கள். காரணம் கேட்க மேலாளர் பாலகணேஷிடம் போனார். பாலகணேஷ் மரியாதை தெரிந்தவர். நாற்காலியைக் காட்டி உட்காரச் சொன்னார்.

"உங்க பேரைக் கருப்புப் பட்டியல்ல சேர்த்தாச்சு. மூணு வருஷத்துக்கு எங்க டெண்டர்ல நீங்க கலந்துக்க முடியாது."

"நான் என்ன சார் தப்பு செஞ்சேன்?"

"அதைச் சொல்றதுக்கில்லை. சொன்னா நீங்க மறுப்பீங்க."

"செய்யாததை மறுக்கத்தான சார் செய்வேன்."

"மறுத்தா விசாரிக்கணும். விசாரிச்சா நாளாகும். அதுவரைக்கும் என்ன ஆகுமோன்னு உங்களுக்குத்தான் மன உளைச்சல். அந்தச் சிரமம் உங்களுக்கு வேண்டாம்னுதான் நேரா முடிவுக்கே வந்துட்டோம்."

வெயிலுமுத்து நன்றி சொல்லிவிட்டு வெளியே வந்தார். பஸ் ஏறிய பிறகுதான், எதற்கு நன்றி சொன்னோம் என்று யோசித்தார்.

விஷயம் அவருக்கு முன்னாலேயே ஊர் போய்ச் சேர்ந்திருந்தது. கோயில் கொடைத் திருவிழாவுக்குப் பந்தல் போடும் வேலையைக் கேட்டுப் போனபோது, கமிட்டித் தலைவர் சங்கரபாண்டி தயங்கினார்.

"அம்மன் காரியம் அண்ணாச்சி. பேரு சுத்தமா இருக்கணும்லா."

"என்ன தப்புன்னு எனக்கே சொல்லலையே."

"வெளிய சொல்ல முடியாத தப்புன்னா பெரிய தப்பாத்தான இருக்கும்?"

வீட்டில் மனைவி முத்துசெல்வி சோற்றை வைத்துவிட்டு, குரலைத் தாழ்த்தி, "எங்கிட்டயாவது சொல்லுங்க. அங்கன என்ன செஞ்சீங்க?" என்று கேட்டாள். அவர் தட்டைத் தள்ளி வைத்துவிட்டு எழுந்தார். மறுநாளே மதுரைக்குப் போய் ஹைகோர்ட்டில் வழக்குப் போட்டார்.

'குற்றம் இன்னதென்று சொல்லி, அவர் பதிலைக் கேட்டு, அதன்பின் முடிவெடுங்கள்; அதுதான் இயற்கை நீதி' என்றது கோர்ட்டு.

நிறுவனம் தலைவணங்கி ஏற்றுக்கொண்டது. ஓர் அறைக்கு வெள்ளையடித்து, 'இயற்கை நீதி அறை' என்று பலகை மாட்டி, உமாதேவி என்ற அதிகாரியை அங்கே நியமித்தார்கள். வெயிலுமுத்துவுக்கு டீ வந்தது. கூடவே குற்றமும் வந்தது: நான்காம் பிரிவில் புல் வெட்டப்படவில்லை.

"நாலாம் பிரிவு வேலையை எனக்குக் குடுக்கவே இல்லையே மேடம்."

உமாதேவி ஃபைலைப் புரட்டிப் பார்த்தார். "ஆமா. கொடுக்கலைதான்."

"அப்ப என் பேரை எடுத்திருவீங்களா?"

"கோர்ட்டு கேக்கத்தான சொல்லிச்சு? கேட்டாச்சு. முடிவைத் தலைமை அலுவலகம் எடுக்கும். அதுவரைக்கும் பேரு இருக்கட்டும்."

ஒருவரை மட்டும் கேட்பது பாரபட்சம் ஆகிவிடும் அல்லவா? ஆகவே மற்ற காண்ட்ராக்டர்களையும் ஒவ்வொருவராக அழைத்து, டீ கொடுத்து, பொறுமையாகக் கேட்டு, பட்டியலில் சேர்த்தார்கள். மழைக்காலம் முடிவதற்குள் புல் வெட்டத் தெரிந்த ஒருவர்கூடப் பட்டியலுக்கு வெளியே இல்லை. டெண்டருக்கு ஆள் வரவில்லை. உச்சி வெயிலிலும் தகடுகள் நிழலில் குளுகுளுவென்று இருந்தன. ஒரு நாள் பாலகணேஷின் தலைக்கு மேலே சுற்றிக்கொண்டிருந்த மின்விசிறியே நின்றுபோனது.

தலைமை அலுவலகம் அவசரமாகக் கூடி விதியைத் திருத்தியது: 'விண்ணப்பதாரர் இந்நிறுவனத்தால் முறைப்படி கேட்கப்பட்டு, கருப்புப் பட்டியலில் இடம்பெற்றவராக இருத்தல் வேண்டும்.' அவர்களைப் பற்றித்தான் நிறுவனத்துக்கு எல்லா விவரமும் தெரியும் என்று விளக்கமும் சொன்னது.

வெயிலுமுத்துவுக்கு வேலை திரும்பக் கிடைத்தது. புதூர்ப் பெண்கள் மறுபடியும் ஆட்டோ ஏறினார்கள். சங்கரபாண்டி வீடு தேடி வந்தார். "கவர்மெண்டே பட்டியல் போட்டு வச்சிருக்குன்னா சும்மாவா? பந்தல் உங்க பொறுப்பு அண்ணாச்சி."

பசுவந்தனையிலிருந்து விஜயராஜ் என்ற புதுக் காண்ட்ராக்டர் யோசனை கேட்டு வந்தான்.

"எப்படியாவது என் பேரையும் பட்டியல்ல சேத்துவிடுங்க அண்ணாச்சி. ஆனா நான் இதுவரைக்கும் ஒரு தப்பும் செஞ்சதில்ல."

"அது போதும்லே. நானும் செஞ்சதில்ல."

இப்படி எல்லாம் நல்லபடியாகப் போய்க்கொண்டிருந்த சமயத்தில், தலைமை அலுவலகத்தின் முடிவு வந்துசேர்ந்தது. வெயிலுமுத்து குற்றமற்றவர், அவர் பெயர் பட்டியலிலிருந்து உடனடியாக நீக்கப்படுகிறது. முத்துசெல்வி அதைப் படித்துவிட்டு, "அப்ப வேலையும் போச்சா?" என்று கேட்டாள். வெயிலுமுத்து முதல் பஸ்ஸைப் பிடித்தார்.

பாலகணேஷ் எழுந்து கை கொடுத்தார். "வாழ்த்துகள். நீங்க நிரபராதி."

"அது எனக்குத் தெரியும் சார். எங்கிட்ட ஒரு வார்த்தை கேக்காம எப்படி சார் பேரை எடுத்தீங்க? நோட்டீஸ் குடுத்தீங்களா? விசாரிச்சீங்களா? மறுபடியும் மதுரைக்குப் போகட்டுமா?"

அவர் கேட்டதில் நியாயம் இருந்தது. பாலகணேஷ் இயற்கை நீதி அறையைத் திறந்துவிடச் சொன்னார். விசாரணை அன்று வெயிலுமுத்து தனியாக வரவில்லை. ஆட்டோ நிறையச் சாட்சிகள் வந்திருந்தார்கள். அவரிடம் பல வருஷமாக வேலை பார்க்கும் சுப்புத்தாய் முதலில் எழுந்தாள். முதலாளியைப் பார்த்து ஒரு கும்பிடு போட்டுவிட்டு உமாதேவியிடம் சொன்னாள்:

"இவிய ரொம்ப மோசமானவிய மேடம். நல்லா எழுதிக்கிடுங்க. எங்க குடும்பமெல்லாம் இவியள நம்பித்தான் இருக்கு."