கிளெனாரோ ரசிகப் பெருமக்களே!

இசைக்குழுவுக்கு ஊர்ப் பேர் வைப்பதில் ஒரு வசதி உண்டு. பாட்டு நன்றாக இருந்தால் பெருமை நமக்கு, நாராசமாக இருந்தால் கெட்ட பேர் ஊருக்கு. பத்தொன்பது வயதில் இதை நானே கண்டுபிடித்ததாக நினைத்துப் பூரித்துப் போயிருந்தேன். அந்த ஊர் உயிரோடு இருக்கிறதா என்று விசாரித்துவிட்டுத்தான் பேர் வைக்க வேண்டும் என்பது எனக்கு அப்போது தெரியாது.

தொண்ணூற்றெட்டாம் வருஷம். றொசல்லப் பக்கம் ஒரு தோட்டத்தில் எங்கள் வீடு. குழுவில் மொத்தம் மூன்று பேர். என் அண்ணன் ரவி ஓர்கன் வாசிப்பான். தோட்டப் பள்ளிக்கூடத்தில் கணக்குப் படிப்பிக்க யாழ்ப்பாணத்திலிருந்து வந்திருந்த யோகன் மாஸ்டர் கிட்டார். பாட்டு, அறிவிப்பு, அலட்டல் மூன்றும் நான். (ட்ரம்ஸ் அடிக்க ஆள் கிடைக்கவில்லை. ஓர்கனில் ஒரு பொத்தானை அமுக்கினால் அதுவாகவே டிக்கி டிக்கி என்று அடித்துக்கொள்ளும். எங்கள் குழுவில் தாளம் தவறாத ஒரே உறுப்பினர் அந்தப் பொத்தான்தான்.)

பேர் வைக்கிற அன்றைக்குப் பெரிய சண்டை. அண்ணன் "றொசல்ல இன்னிசைக் குழு" என்றான்.

"ரயிலு அரை நிமிசம் நிக்கிற ஊரு. அந்தப் பேர வச்சா கச்சேரியும் அரை நிமிசத்துல முடிஞ்சிரும்" என்றேன்.

யோகன் மாஸ்டருக்கு ஞாயிற்றுக்கிழமைகளில் ஹட்டன் கடைகளில் வெளிநாட்டுக் கசெட்டுகளைப் புரட்டிப் பார்ப்பதே வேலை. அவர் சொன்னார்: "ஊர்ப் பேர் நல்லதுதான். வெளிநாட்டிலை நகரங்களின்ரை பேரிலை எத்தினை குழு இருக்குது தெரியுமோ? ஒரு குழு கண்டத்தின்ரை பேரையே வைச்சிருக்குது."

கண்டத்தின் பேரையே! எனக்கு வெறி ஏறிவிட்டது. எங்கள் அடுப்பங்கரையில் சீனி டின் வைக்கிற பலகை ஒன்று இருந்தது, பழைய தேயிலைப் பெட்டியை உடைத்துச் செய்தது. அதில் கறுப்பு மையில் இங்கிலீஷில் 'கிளெனாரோ' என்று அடித்திருக்கும். அது எங்கே இருக்கிறது என்று வீட்டில் யாருக்கும் தெரியவில்லை. அதுதான் எனக்குப் பிடித்தது. ஸ்கொட்லாந்தில், ஆற்றங்கரையில், பாலமும் மணிக்கூண்டுமாக ஒரு நகரம் என்று நானே முடிவு கட்டிக்கொண்டேன்.

"பேர் வைக்கேக்கை கொஞ்சம் யோசிச்சு வையும் பிள்ளை" என்றார் மாஸ்டர். நான் யோசிக்கவில்லை.

அக்கரப்பத்தனையில் ஒரு கோயில் திருவிழாவில் எங்கள் முதல் கச்சேரி. கல்லெறி விழவில்லை, ஆகவே வெற்றி. ஒட்டிய போஸ்டர்கள் மழையில் ஊறிக் கிழிவதற்குள் ஒரு கடிதம் வந்தது.

"கிளெனாரோ குழுவினருக்கு. உங்க பேர சுவத்துல பாத்தோம். அது எங்க ஊரு பேருங்க. எங்க ஆளுங்க பாட்டுக் கேட்டு ரொம்ப காலமாச்சு. ஆடி மாசம் ரெண்டாம் ஞாயிறு மத்தியானம் வந்து பாடிக் குடுங்க. இப்படிக்கு, முத்தையா."

ஸ்கொட்லாந்து இல்லை, அக்கரப்பத்தனைக்கு மேலே எங்கேயோ ஒரு தோட்டம் என்று தெரிந்ததும் எனக்குச் சப்பென்று போய்விட்டது. ஆனாலும் ரசிகர்கள் தேடி வந்து அழைக்கிறார்களே! மாஸ்டர் பதில் எழுதி எல்லா ஏற்பாடும் செய்தார். நான் புது நைலெக்ஸ் சேலைக்கு ஓரம் அடித்தேன்.

பஸ்ஸில் ஓர்கனையும் ஸ்பீக்கரையும் லொறி பெட்டரியையும் ஏற்றினோம். கிளெனாரோ சந்திக்கு டிக்கெட் கேட்டதும் சிங்களக் கொண்டக்டர் என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தார். "எஹே கவுருவத் நே, நங்கி" என்றார். அங்கே யாருமே இல்லையே, தங்கச்சி. நான் என் சேலையைக் காட்டி, எங்கள் கச்சேரிக்குத்தான் ஊரே காத்திருக்கிறது என்று எனக்குத் தெரிந்த சிங்களத்தில் பெருமையடித்தேன். அவர் காசை வாங்காமலேயே முன்பக்கம் போய்விட்டார்.

சந்தியில் வெள்ளை வேட்டி கட்டிய ஒருவர் நின்றிருந்தார். ஐம்பது வயது இருக்கும். "முத்தையாங்க" என்று கும்பிட்டார். பெட்டரியைத் தலையில் தூக்கி வைத்துக்கொண்டு முன்னால் நடந்தார். அதற்குப் பிறகு அரை மணி நேர ஏற்றம்.

போகப் போகப் பனி இறங்கியது. பாதையின் இரண்டு பக்கமும் மரங்கள். என்ன மரம் என்று இலையைக் கிள்ளிப் பார்த்த அண்ணன் கையை உதறினான். "ஏய், இது தேயிலை!" கவ்வாத்து வெட்டாமல் எத்தனை வருஷம் விட்டார்களோ, இடுப்பளவு நிற்க வேண்டிய செடிகள் எங்கள் தலைக்கு மேலே கிளை கோத்து நின்றன. பறவைச் சத்தம்கூட இல்லை.

மேலே ஏறியதும் கூரையில்லாத தேயிலை ஸ்டோர் ஒன்று, கொழுந்து அரைத்த பழைய ஆலை. அதன் வாசற்படிதான் எங்களுக்கு மேடை. கலர்க் கடதாசித் தோரணம் கட்டியிருந்தார்கள். படிக்குக் கீழே பெரட்டுக் களம், அந்தக் காலத்தில் ஆட்களை வரிசையாக நிறுத்திப் பேர் கூப்பிட்ட இடம். களத்துக்கு அந்தப் பக்கம் கூரையில்லாத ஒரு லயம், தோட்டத்து ஆட்கள் குடியிருந்த ஆறு காம்பரா வரிசையாக. களம் முழுக்கப் பாய் விரித்திருந்தது. ஒவ்வொரு பாயிலும் ஒரு வாழையிலை. இலையில் பொங்கல், ரொட்டி, சம்பல், வெற்றிலை. பக்கத்தில் ஆவி பறக்கும் தேத்தண்ணி. ஆள் மட்டும் ஒருவரும் இல்லை.

(என் அறிவைப் பாருங்கள்: எல்லாரும் சாப்பாட்டை வைத்துவிட்டுக் கை கழுவப் போயிருக்கிறார்கள் என்று நினைத்தேன்.)

"ஆளுங்க எப்பண்ணே வருவாங்க?" என்று கேட்டேன்.

முத்தையா பாய்களை ஒரு தடவை பார்த்தார். "எல்லாரும் வந்துட்டாங்கம்மா. நீங்க ஆரம்பிங்க. முன்னுக்குப் பாத்தே பாடுங்க, பின்னால திரும்பாதீங்க" என்று சொல்லிவிட்டு ஸ்டோருக்குப் பின்னால் பனிக்குள் போய் மறைந்தார்.

அண்ணன் என்னைப் பார்த்தான். நான் மாஸ்டரைப் பார்த்தேன். மாஸ்டர் கிட்டாரைப் பார்த்தார்.

முதலில் பக்திப் பாட்டு. பாடிக்கொண்டிருக்கும்போதே ஒன்று கவனித்தேன். ஆவி பறந்த தேத்தண்ணிகள் ஒவ்வொன்றாக ஆறிக்கொண்டு வந்தன, யாரோ வரிசையாகக் குடித்துக்கொண்டு போவதைப் போல. பாட்டு முடிந்தது. ஒரு சத்தமும் இல்லை. அடுத்து காதல் பாட்டு. கண்ணைச் சிமிட்டி, இடுப்பில் கை வைத்து, முதல் வரிசைப் பாயைப் பார்த்துச் சிரித்துச் சிரித்துப் பாடினேன். அதுவும் முடிந்தது. பனி கடைசி வரிசைப் பாய்களை விழுங்கியிருந்தது. முதுகில் மட்டும் யாரோ பார்ப்பது போல ஒரு குளிர்.

எனக்குப் பயம் வந்தால் வாய் நீளும். மைக்கைப் பிடித்தேன்.

"கிளெனாரோ ரசிகப் பெருமக்களே! என்னா இது, எல்லாரும் செத்தா போயிட்டீங்க? எங்க, ஒரு கை தட்டுங்க பாப்போம்!"

கை தட்டினார்கள்.

பின்னாலிருந்து. என் பிடரிக்குப் பத்தடி தூரத்தில் போல, ஐம்பது அறுபது பேர் ஒரே நேரத்தில்.

அதற்குப் பிறகு நான் செய்ததை ஓட்டம் என்று சொல்வது ஓட்டத்துக்கு அவமானம். பாசி பிடித்த படியில் கால் வைத்தேன். சேலை ஒரு பக்கம், நான் ஒரு பக்கம். முதல் வரிசையில் நடுப் பாயில் போய் உட்கார்ந்த வாக்கில் விழுந்தேன். ஒரு கை பொங்கலில், ஒரு கை சம்பலில். ஆறிய தேத்தண்ணி என் மடியில். ஓர்கன் மட்டும் டிக்கி டிக்கி என்று அடித்துக்கொண்டே இருந்தது.

"வீட்டுக்குப் போகணும்!" என்று கத்தினேன். "எனக்கு வீட்டுக்குப் போகணும்!"

பின்னால் ஒரு பெண் குலவையிட்டாள். இன்னும் பத்துப் பேர் சேர்ந்தார்கள். ஸ்டோரின் இரண்டு பக்கமும் பனியிலிருந்து மனிதர்கள் இறங்கி வந்தார்கள், கிழவர்கள், பெண்கள், குழந்தையைத் தூக்கியவர்கள். எல்லாருக்கும் முன்னால் முத்தையா. வந்தவர் என் காலடியில் மண்டியிட்டார்.

"அம்மா" என்றார். என்னைவிட முப்பது வயது மூத்தவர். "அம்மா, வந்துட்டியா?"

யாரோ என் நெற்றியில் திருநீற்றை அள்ளிப் பூசினார்கள். கர்ப்பூரம் எரிந்தது. அவர் கண்ணீரோடு கேட்டார்:

"எந்த வீட்டுக்கும்மா? இங்கயா? அக்கரையிலயா?"

அத்தனை பேரும் என் வாயையே பார்த்தார்கள். ஐயா, நான் சாந்தி, வழுக்கி விழுந்துவிட்டேன் என்று சொல்லத்தான் வாயைத் திறந்தேன். ஆனால் வந்தது வேறு.

"இங்கதான்" என்றேன். கை தானாக நீண்டது.

எதைக் காட்டினேன் என்று எனக்குத் தெரியாது. கூட்டம் திரும்பிப் பார்த்தது. முத்தையா தலையைத் தரையில் வைத்து, சின்னப் பிள்ளை மாதிரி அழுதார்.

விஷயம் பிறகுதான் தெரிந்தது. மலை வெடித்து மண் சரியத் தொடங்கியதால் கிளெனாரோவை மூடி, ஆட்களை நாலா பக்கத் தோட்டங்களுக்கும் பிரித்து அனுப்பிவிட்டார்களாம். பாதிப் பேர் கப்பலேறி இந்தியாவுக்குப் போய்விட்டார்கள். மிச்சமானவர்கள் வருஷத்துக்கு ஒரு நாள் இங்கே வந்து, செத்துப்போனவர்களுக்கு ஆளுக்கொரு பாய் போட்டுப் படைப்பார்கள். அவர்கள் சாப்பிட்டு முடியும் வரை உயிரோடு இருக்கிறவர்கள் முன்னால் வரக்கூடாது.

"பெறகு ஏங்க கை தட்டுனீங்க?" என்று அண்ணன் கேட்டான்.

"தங்கச்சி தட்டச் சொல்லிக் கேட்டுச்சுங்களே" என்றார் முத்தையா. "அவங்களால முடியாதில்லீங்களா. அதான் அவங்களுக்காக நாங்க தட்டுனோம்."

நான் விழுந்தது அவருடைய அம்மா காமாட்சியின் பாயில். வேறொரு தோட்டத்து ஆஸ்பத்திரியில், இந்தியாவுக்குப் போகிற பத்திரம் கைக்கு வந்த வாரத்தில் இறந்துபோனவர். கடைசி மூன்று நாளும் "வீட்டுக்குப் போகணும்" என்பதைத் தவிர வேறு பேச்சில்லை. இங்கேயா, கடலுக்கு அக்கரையில் இந்தியாவிலா, எந்த வீடு என்று கேட்க மகனுக்குத் தைரியம் வரவில்லை. இருபது வருஷமாக அந்தக் கேள்வியைச் சுமந்திருக்கிறார்.

மாஸ்டருக்கு எல்லாம் முன்பே தெரியும். "சொன்னால் நீர் பயந்து வரமாட்டீர் எண்டுதான் சொல்லேல்லை" என்றார். (அன்றைக்கு அந்தக் கிட்டாரை நான் உடைக்காதது என் பெருந்தன்மை.)

சந்திக்குத் திரும்பி நடக்கும்போது என் மனம் கேட்கவில்லை. ஒரு மனிதனை ஏமாற்றிவிட்டேனே. "அண்ணே, மன்னிச்சிருங்க. அது உங்கம்மா இல்ல, நான்தான். பயத்துல உளறிட்டேன்" என்றேன்.

முத்தையா பெட்டரியை மறு தோளுக்கு மாற்றினார். "விழுந்தது நீங்கதான்னு தெரியும்மா" என்றார். "ஆனா கைய நீட்டுனீங்களே, அப்ப உங்க கண்ணு மூடியிருந்துச்சு. நீங்க காட்டுனது மூணாவது காம்பரா. நான் பொறந்த காம்பரா."

கொஞ்ச தூரம் போனதும் மாஸ்டர் தொண்டையைச் செருமினார். "ஆறு காம்பரா. நிகழ்தகவு ஆறிலை ஒண்டு. பெரிய விசயமில்லை" என்றார். ஆனால் சந்தி வரும் வரை என் சேலைத் தலைப்பை விடாமல் பிடித்துக்கொண்டு வந்தவரும் அவர்தான்.

அடுத்த வருஷம் முத்தையா அந்த மூன்றாவது காம்பராவுக்குத் தகரக் கூரை போட்டுவிட்டார். எங்கள் குழுவுக்குத்தான் கூரை பிய்ந்தது. செத்தவர்களை எழுப்பிப் பாடுகிற குழு என்று மலை முழுக்கப் பேர் பரவி, கல்யாண வீட்டுக்காரர்கள் எங்களைக் கண்டால் அடுத்த பக்கம் திரும்பினார்கள். கருமாதிக்கு மட்டும் அழைப்பு வந்துகொண்டிருந்தது. அதுவும் ஒன்பதாவது அழைப்போடு அண்ணன் ஓர்கனை விற்றுவிட்டான்.

எனக்குக் கல்யாணமாகி ஹட்டனில் குடியேறியபோது, அண்ணன் சீதனம் மாதிரி இந்தக் கதையையும் மாப்பிள்ளையிடம் சேர்த்துக் கொடுத்துவிட்டான். அன்றிலிருந்து இன்று வரை எனக்கு நிம்மதியாகக் கோபித்துக்கொள்ளக்கூட வழியில்லை. சண்டை முற்றி, பையில் நாலு சேலையைத் திணித்து, "நான் எங்க வீட்டுக்குப் போறேன்!" என்று வாசலில் நின்றால், என் கணவர் மேல்துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு கும்பிட்டு நிற்பார். பக்கத்தில் என் இரண்டு பிள்ளைகளும் வாயைப் பொத்திச் சிரித்துக்கொண்டு நிற்பார்கள்.

"எந்த வீட்டுக்கும்மா? இங்கயா? அக்கரையிலயா?"

நானும் ஒவ்வொரு தடவையும் சுருக்கென்று ஒரு பதில் சொல்லத்தான் பார்க்கிறேன். அன்றைக்கு அவ்வளவு சுலபமாக வந்த பதில், அதற்குப் பிறகு ஒரு தடவைகூட எனக்கு வந்ததில்லை.