வெயிலைத் திட்டிய கமராக்காரர்

சுவிற்சர்லாந்தில் வெயில் எறித்ததற்காகக் கோபித்துக்கொண்ட ஒரே மனிதர் எங்கள் கமராக்காரர்தான். எண்பதுகளின் நடுவில், வின்டர்தூரில் நாங்கள் குடியிருந்த கட்டடத்தின் கீழ்வீட்டில் இருந்தார். ஜெர்மன்காரர். கழுத்தில் ஒரு கறுப்புக் கண்ணாடி வட்டம் கயிற்றில் தொங்கும். படியில் எதிர்ப்பட்டால் வணக்கம் சொல்லமாட்டார்; அந்தக் கண்ணாடியை ஒற்றைக் கண்ணில் வைத்து எங்களைப் பார்ப்பார்.

அகதி மனுவுக்குப் பதில் வராமல் தவித்துக்கொண்டிருந்த எங்களுக்கு இது போதாதா? என் அறைத்தோழர் ராசன் அண்ணை தபால்காரரையே சந்தேகிப்பவர். "உவன் பொலிசின்ரை ஆள். ஆரார் இருக்கினம் எண்டு பாக்கிறான்," என்றார். அன்றிலிருந்து எல்லோரும் முகத்தைத் திருப்பிக்கொண்டுதான் படி இறங்கினோம்.

விசாரித்தால் வேறு கதை வந்தது. மனிதர் ஜெர்மனியில் பெரிய படங்களுக்கு ஒளிப்பதிவு செய்தவராம். விளக்குப் போட்டு எடுப்பது அவருக்குப் பாவம். ஜன்னல் வெளிச்சம் போதும்; கழுத்துக் கண்ணாடி அந்த வெளிச்சத்தைக் கணிக்கத்தானாம். முகத்தில் பாதி இருட்டில் கிடக்கவேண்டும். கதாநாயகனின் மற்றப் பாதி எங்கே என்று கேட்டுக் கேட்டே தயாரிப்பாளர்கள் அவரைக் கைவிட்டார்களாம். கடைசியில் சீஸ் விளம்பரம் எடுக்க இங்கே வந்து, மலையில் முகிலுக்காகக் காத்திருந்தார். முகில் வந்தபோது மாடு போய்விட்டது. பின்னாலேயே வேலையும் போய்விட்டது.

"மாட்டுக் கதையை நம்பாதை," என்றார் ராசன் அண்ணை.

பிறகு ராசன் அண்ணைக்கே கலியாணம் வந்தது. பெண்ணாக ஊரிலிருந்து வந்த மலர் அக்கா, தன் அம்மாவுக்கு அனுப்ப ஒரு கலியாணப் படம் வேண்டுமென்று கமராக்காரரையே நேரில் போய்க் கேட்டுவிட்டார். அண்ணை தடுத்தும் பலிக்கவில்லை.

கலியாணத்தன்று மனிதர் மண்டபத்துக்குள் வந்ததும் எல்லா விளக்கையும் அணைத்தார். திரைச்சீலையை விலக்கினார். வெயில் பளீரென்று விழுந்தது. ஜெர்மனில் அதைத் திட்டினார். முகில் வரும்வரை தாலி கட்டவேண்டாம் என்றார். நல்லநேரம் போகிறதென்று பெரியவர்கள் முணுமுணுத்தார்கள். நல்லகாலம், முகில் முந்திக்கொண்டது.

கமரா திரும்பிய பக்கமெல்லாம் சனம் முகத்தைத் திருப்பியது. அதைப் பார்ப்பதில்லை என்ற பிடிவாதத்தில் ராசன் அண்ணை மலர் அக்காவையே பார்த்தபடி இருந்தார். கமராக்காரருக்கு ஒரே சந்தோசம். கமராவைப் பார்க்காதே என்று வாழ்நாளெல்லாம் நடிகர்களிடம் கெஞ்சினாராம். சொல்லாமலே கேட்டவர்கள் நாங்கள்தானாம்.

ஒரு ஞாயிறு பின்னேரம் எங்கள் சுவரில் அந்தப் படத்தைப் போட்டுக் காட்டினார். பாதி இருட்டில் அண்ணையின் முகம். அந்த முகத்தில் மலர் அக்காவைத் தவிர வேறு யோசனையே இல்லை.

"இப்பிடியோ என்னைப் பாத்தனீங்கள்?" என்று மலர் அக்கா மெதுவாகக் கேட்டார். அண்ணை எழும்பிப் போய் விளக்கைப் போட்டார். பிறகு என்னிடம் மட்டும், படத்தின் இன்னொரு பிரதி எங்கே போகுதோ தெரியாது என்றார்.

அடுத்த வருடம் பெண் குழந்தை பிறந்தது. அண்ணை தானாகவே கீழே போய்க் கதவைத் தட்டினார். "பிள்ளையைப் பாக்க வாங்கோ. கமரா வேண்டாம்," என்று தனக்குத் தெரிந்த ஜெர்மனில் சொன்னார்.

கமராக்காரர் வெறுங்கையோடு வந்தார். அண்ணை குழந்தையை அவர் மடியில் வைத்துவிட்டு, தேத்தண்ணி போட உள்ளே போனார். எங்களில் ஒருவரிடமும் அண்ணை பிள்ளையை அப்படி விட்டுப் போனதில்லை.